இறந்தது என்று நான் எழுதிய கள்ளி

இன்று காலை பயணப் பை அடுக்கும்போது உமது தோல் கையுறைக்குள் கைவிட்டேன். பெருவிரலில் சுருக்கென்றது. நீர் காலமாகி ஒரு வருடமாகிவிட்டது. அந்தக் கள்ளியின் மயிர் முள் இன்னும் உள்ளே இருக்கிறது. கண்ணாடி போட்டுப் பார்த்தும் தெரியவில்லை. குத்துவது மட்டும் தெரிகிறது.

ஈரி ஏரிக் கரை மணலில் அதை முதன்முதல் பார்த்த மார்ச் மாதம் நினைவிருக்கிறதா? கனடாவில் தானாக முளைக்கும் கள்ளி என்று நீர் சொன்னபோது நான் நம்பவில்லை. ஊர் நாகதாளியின் குட்டித் தங்கை போல, கணுக்கால் உயரம்கூட இல்லை. அது மிஞ்சியிருக்கும் இடங்களும் மிகச் சில. அதை மூடி வளரும் பற்றைகளை வெட்டும் தொண்டர் குழுவில், பஸ் ஓட்டி ஓய்வுபெற்ற நீர் என்னையும் இழுத்துச் சேர்த்துவிட்டீர். வெட்டுவது உமது வேலை. ஊரில் கச்சேரி என்ற அரசாங்க அலுவலகத்தில் எழுதினவன் என்பதால் பதிவேடு எனக்கு.

அன்று அது சுருங்கி, பழுப்பேறி, மணலோடு படுத்துக் கிடந்தது. "இறந்தது" என்று எழுதினேன். ஜூனில் போனால் அதே இடத்தில் நிமிர்ந்து மஞ்சளாய்ப் பூத்திருக்கிறது! குளிர் வந்தால் உடம்புத் தண்ணீரை விட்டுவிட்டுப் படுப்பது அதன் வழக்கமாம்.

"என்ன ஐசே, உயிரோட இருக்கிறதுக்கு மரணச் சான்றிதழ் குடுத்திட்டீர். வெட்டும் உந்த வரியை!" என்றீர்.

நான் வெட்டவில்லை. பதிவேட்டில் வரியை வெட்டக்கூடாது, திருத்தம் கடைசிப் பக்கத்தில்தான் என்பது கச்சேரிப் பழக்கம். அப்படியே செய்தேன்.

கடந்த குளிர்காலம், அந்த மணல்மேல் கார் தரிப்பிடம் கட்ட ஒருவர் விண்ணப்பித்தார். எனது பதிவேட்டுப் பக்கத்தின் பிரதியை இணைத்திருந்தார். கடைசிப் பக்கம் இல்லை. என் குண்டு எழுத்தில் "இறந்தது" மட்டும்.

நேற்று அந்த ஏரிக்கரை ஊரின் சபைக் கூட்டம், கணினி வழியாக. ஏரியிலிருந்து பல மணிநேரத் தூரத்தில், எங்கள் வெக்ஸ்போர்ட் வீட்டுக் குசினியில் டை கட்டிக்கொண்டு இருந்தேன்.

"இஞ்சருங்கோ, பிழை விட்டனான் எண்டு எல்லாருக்கும் சொல்லப்போறியளோ?" என்றாள் மனைவி.

"ஓம்" என்றேன்.

முதல் இரண்டு நிமிடம் ஒலியைத் திறக்காமலே பேசினேன். நீர் இருந்திருந்தால் விழுந்து சிரித்திருப்பீர். மறுபடி தொடங்கினேன். பிழை என்னுடையது, கள்ளி உயிரோடு இருக்கிறது என்றேன். பதிவேட்டைக் கமெராவுக்கு முன் பிடித்து அந்த வரியைச் சிவப்பு மையால் வெட்டினேன். கோடு கோணலாகப் போனது. ஒரு காய்ந்த செடிக்காகவா இவ்வளவும் என்று விண்ணப்பித்தவரின் சட்டத்தரணி கேட்டார்.

"ஜூனில் அதற்கு முன்னால் வந்து நின்று கேளுங்கள்" என்றேன். அப்படி யாரையும் நான் மறித்துப் பேசியதில்லை என்பது உமக்குத் தெரியும்.

அடுத்த வாரம், ஜூன் பிறந்ததும், நேரில் பார்க்கும்வரை முடிவை ஒத்திவைத்திருக்கிறார்கள். வெல்வோமோ தெரியாது. ஆனால் நான் அங்கே நிற்பேன். ஃபோர் ஓ வன் நெடுஞ்சாலையில் நான் ஒருநாளும் கார் ஓட்டியதில்லை, எப்போதும் நீர்தான். இம்முறை நானே ஓட்டுவேன், வலது ஓரத்தால், மெதுவாக. பக்கத்து இருக்கையில் பதிவேடும் உமது கையுறையும் இருக்கும். பின்னால் ஹோர்ன் அடிக்கிறவன் அடிக்கட்டும்.