இருநூற்றுப் பதினான்கு நாள்

அன்புள்ள அண்ணனுக்குத் தங்கை எழுதுவது.

நான் நன்றாகத்தான் இருக்கிறேன். நீ எப்படி இருக்கிறாய் என்று கேட்டால் அதற்கும் உன் வக்கீல் ஆட்சேபம் தெரிவிப்பாரோ என்னவோ, இருந்தாலும் கேட்டுவைக்கிறேன். அண்ணிக்கு முட்டிவலி தேவலையா?

போன வாரம் உன் எதிர்மனு வந்தது. தையல் மெஷின் மேலேயே வைத்து இரண்டு தடவை படித்தேன். அப்பீல் போட நான் இருநூற்றுப் பதினான்கு நாள் தாமதம் செய்தேனாம். அக்கறையில்லாமல் தூங்கினேனாம். எழுதியது உன் வக்கீலாக இருக்கலாம், கீழே இருப்பது உன் கையெழுத்து. உன்மேல் கோபம் வந்தது அண்ணா. மறைத்துப் பேச எனக்கு வராது.

அப்பா வீடு முழுவதையும் உனக்கே எழுதிவைத்தார் என்று நீ ஒரு உயிலைக் காட்டினாய், கீழ்க்கோர்ட்டும் நம்பிவிட்டது. உயிலில் போட்டிருக்கும் வருஷம், அப்பாவுக்குக் கை விழுந்து, கரண்டி பிடிக்க முடியாமல், நான் ஊட்டிவிட்ட வருஷம். அந்த வருஷத்தில் அப்பா அத்தனை அழகாகக் கையெழுத்துப் போட்டாரா என்று கேட்கத்தான் இந்த அப்பீல். ஆனால் தாமதத்தை மன்னித்தால்தான் அதைக் காதிலேயே வாங்குவார்கள். இல்லாவிட்டால் நானும் என் மெஷினும் தெருவில்தான்.

தீர்ப்பு வந்து தொண்ணூறு நாள்தான் அப்பீலுக்குக் கெடு, அதற்கு மேல் போன ஒவ்வொரு நாளுக்கும் காரணம் சொல்ல வேண்டுமாம். என் வக்கீலம்மாவே வழியும் சொன்னார். "மஞ்சக்காமாலைன்னு ஒரு சர்ட்டிபிகேட் வாங்கிட்டு வந்துருங்க, எல்லாரும் அதைத்தான் வைப்பாங்க" என்றார். நான் மாட்டேன் என்றுவிட்டேன். அந்த இருநூற்றுப் பதினான்கு நாளும் மெஷின் மிதித்தவள் நான். இந்தத் தெருவில் பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகள் பாதிப்பேர் நான் தைத்த சட்டையில்தான் போகிறார்கள். எனக்கு எங்கிருந்து வந்தது காமாலை?

உண்மையைத்தான் எழுதச் சொன்னேன். தீர்ப்பு வந்த அன்று சாயங்காலம் நீ போன் செய்தாய். அம்மா இடுப்பு முறிந்து உள்ளறையில் படுத்திருந்தார்கள். "அம்மா இருக்கிற வரைக்கும் கோர்ட்டு கேஸுன்னு அலைய வேண்டாம். அதுக்கப்புறம் நானே வந்து பாதியை உனக்கு எழுதித் தர்றேன். பொறுத்துக்கோ" என்றாய். சரி என்றேன். அதுதான் காரணம். முதல் நாளுக்கும் அதுதான், கடைசி நாளுக்கும் அதுதான்.

உனக்குத் தெரியாத ஒன்று இருக்கிறது. தைக்கும்போது எனக்கு இரண்டு கையும் துணியில் இருக்கும், போனை ஸ்பீக்கரில் போட்டுத்தான் பேசுவேன். நீ பேசியது அத்தனையும் அம்மா காதில் விழுந்துவிட்டது. போனை வைத்ததும் கூப்பிட்டார்கள். "நான் எப்போ போவேன்னு ரெண்டு பேரும் நாள் பார்த்துட்டு உட்காரப் போறீங்களா? போய் அப்பீலைப் போடு" என்றார்கள். அண்ணன் சொல்லியாச்சு, அது போதும் என்றேன். "சொன்னப்போ அவன் காதைப் பார்த்தியா?" என்று கேட்டார்கள். போனில் காது எங்கே தெரியும் என்று நான் சிரித்தேன். அம்மா சிரிக்கவில்லை.

உனக்கு ஞாபகம் இருக்கும். சின்ன வயதில் நீ பொய் சொன்னால் வாய் நடுங்காது, கண் அலையாது. காது மட்டும் மிளகாய்ப் பழமாகச் சிவந்துவிடும். அம்மா உன் முகத்தைப் பார்க்கவே மாட்டார்கள், நேராகக் காதைத்தான் பார்ப்பார்கள்.

அம்மா சொன்னதைக் கேட்காமல் உன்னை நம்பினேன். தப்பு என்னுடையதுதான், ஒப்புக்கொள்கிறேன். ஒன்பது மாதம் கழித்து அம்மா போனார்கள். மூன்றாவது வாரம் வீட்டைக் காலி செய்யச் சொல்லி உன் நோட்டீஸ் வந்தது. இப்போது எதிர்மனுவில் அப்படி ஒரு பேச்சே நடக்கவில்லை என்கிறாய்.

இதற்கு யார் சாட்சி என்று வக்கீலம்மா கேட்டார். அந்தப் பேச்சைப் பேசியது நீ, கேட்டது அம்மாவும் நானும். அம்மா இல்லை. நான் சொன்னால் எடுபடாதாம். அப்படியானால் என் அண்ணனையே என் பக்கச் சாட்சியாகக் கூப்பிடுங்கள் என்றேன். எதிராளியையா, விளையாடுறீங்களா என்று சிரித்தார். விளையாடவில்லை என்றேன். பிறகு எழுதிக்கொண்டார். மனு போட்டு அனுமதியும் வாங்கியாயிற்று. சம்மன் இந்தக் கடிதத்துக்கு முன்னாலேயே உனக்குக் கிடைத்திருக்கும்.

வா அண்ணா. வக்கீலை அனுப்பிவைத்துத் தப்பிக்காதே. நான் உன் காலில் விழப்போவதில்லை, பங்கைப் பிச்சையாகவும் கேட்கவில்லை. கூண்டில் ஏறி, "ஆமா, நான்தான் பொறுக்கச் சொன்னேன்" என்று ஒரு வரி சொல். அது முடியாது என்றால், இல்லை என்பதை என் முகத்தைப் பார்த்துச் சொல்லிவிட்டுப் போ. எதுவானாலும் ஓட்டலில் தங்காதே. வீடு யாருக்கு என்று இன்னும் முடியவில்லை, உன் அறையைக் கூட்டி வைத்திருக்கிறேன்.

நீ நூறு வயது நல்லபடியாக இருக்க வேண்டும். அம்மா கடைசிவரை அதைத்தான் சொன்னார்கள், நானும் அதையே சொல்கிறேன். ஒன்றே ஒன்று. முடி வளர்த்துக் காதை மூடிக்கொண்டு வராதே. நான் முன்வரிசையில்தான் உட்கார்ந்திருப்பேன்.

உனக்காகப் பொறுத்திருந்த
உன் தங்கை