முகூர்த்தத்தை நீட்டுகிறவன்

அம்மாவுக்குப் பரிதி வணக்கத்தோடு எழுதுவது.

உன் முழங்கால் வலி குறைந்ததா? தென்காசியில் சாரல் தொடங்கிவிட்டதா? மந்தைவெளி அறையில் நான் சௌக்கியம்.

என் வேலை உனக்குத் தெரியும். மாப்பிள்ளை டிராஃபிக்கில் மாட்டிக்கொண்டால், மந்திரச் சக்கரத்தைத் திருப்பி முகூர்த்தத்தைக் கொஞ்சம் நீட்டித் தருவேன். சிக்னலில் ஜனங்கள் வீணாக்கும் நேரத்தைத்தான் எடுக்கிறோம் என்று கூட்டாளி சாய்சரண் சொல்லியிருந்தான். ஒவ்வொரு முறையும், "மச்சி, உன் கைதான் நிதானமா கீது, நீயே திருப்பு" என்பான். எனக்கும் பெருமையாக இருக்கும்.

போன வாரம் தி. நகர் கல்யாணத்தில் ஒரு வேடிக்கை. பந்தியில் பரிமாறியவர் என்னிடம், "பொண்ணுக்குத் தாத்தாவா? முன்னாடி வந்து உக்காருங்க ஐயா" என்றார். இருபத்தொன்பது வயதில் தாத்தா. தலை நரைப்பதற்கு மந்தைவெளித் தண்ணீரைத்தான் இவ்வளவு நாளும் திட்டிக்கொண்டிருந்தேன். அப்போதுதான் உறைத்தது: நீட்டிய நேரமெல்லாம் சக்கரத்தைத் திருப்புகிறவன் ஆயுளிலிருந்து போயிருக்கிறது. சாய்சரணுக்கு இது ஆரம்பத்திலேயே தெரியும். கேட்டதற்கு, கறுகறுவென்ற தலையைச் சீவிக்கொண்டே, "சொல்லியிருந்தா நீ செஞ்சிருப்பியா மச்சி?" என்றான். அவனோடு ஒரே தட்டில் சாப்பிட்டிருக்கிறேன் அம்மா.

நீ கவலைப்படாதே. வேலையை விட்டுவிட்டேன். அப்பாவின் மூக்குக்கண்ணாடி பீரோவில் இருந்தால் எடுத்து வை, எனக்கு எழுத்து மங்கலாகத் தெரிகிறது. கொஞ்சம் மருதாணியும் அரைத்து வை.

வெள்ளிக்கிழமை ரயிலில் வருகிறேன். ஸ்டேஷனில் என்னைத் தேடாதே. நானே உன்னிடம் வந்து, யாரென்று சொல்கிறேன்.

உன் பிள்ளை,
பரிதி