துவைச்சாலும் சுருங்காத டயர்

என்னங்க,

அரிசிம்பருப்பு சாதம் குக்கர்ல இருக்குது, தயிர் ஃபிரிட்ஜுல. கார் சாவியைத் தேடாதீங்க, நான் பனியன் கம்பெனிக்கு எடுத்துட்டுப் போறேன்.

காலைல வாசல் கூட்டறப்ப நம்ம பழைய காரைக் குனிஞ்சு பார்த்தேனுங்க. நீங்க ஆசைப்பட்டு மாட்டுன அலாய் வீலும் அகல டயரும் பின்பக்கம் நல்லா உரசியிருக்குது. மட்கார்டு உள்ளாற கருப்புத் தடம், நேத்துக் காலைல கூட்டறப்ப இல்லாதது. நாள் முழுக்க செக்கிங்ல துணியில கறை தேடறவ நான், இது கண்ணுல படாதா?

எந்த அளவு டயர் போடணும்னு கதவோரத்து ஸ்டிக்கர்லயே இருக்குது. பனியன்னா துவைச்சாச் சுருங்கும்னு ஒரு சைஸ் பெருசா எடுப்போம். டயர் சுருங்குமாங்க?

அது போகட்டும். டயர் கடைக்காரருக்குப் போன் போட்டேன். “ஓட்டறவர் மட்டும் இருந்தா உரசாதுங்கக்கா. பின் சீட்டுல ஆளேறி வண்டி அமுந்தாத்தான் உரசும். அண்ணங்கிட்ட மாட்டுன அன்னைக்கே சொன்னனே”ன்னார்.

நேத்து தாராபுரத்துக்குத் தனியாத்தான் போனேன்னீங்க.

பழைய வீலையே மாட்டிக் குடுக்கச் சாயங்காலம் அவர் வர்றாருங்க. டீ குடுத்து உக்கார வைங்க. உங்க முன்னாடியே இன்னொருக்கா கேக்கோணும்.

கலைமகள்

மறந்துட்டேன். போன ஞாயித்துக்கிழமை எங்கம்மாவையும் அப்பாவையும் கார்ல காங்கேயத்துல கொண்டு போய் உடச் சொன்னதுக்கு, வண்டி சரியில்லைன்னு பஸ் ஏத்தி உட்டீங்க. இப்பத்தான் புரியுது. எங்கூட்டு ஆளுங்க ஏறி உரசிரக் கூடாதுன்னு காப்பாத்துன டயரை, நேத்து யாருக்காகங்க உரச உட்டீங்க?