ஒன்பதாம் எண் பணியிடம்

அன்பு மகளுக்கு,

இங்கே நான், உன் அம்மா, அவளுடைய முழங்கால் வலி மூவரும் சுகம். நீயும் வேளைக்குச் சாப்பிட்டு, காதுக் கருவிக்கு பேட்டரி மாற்ற மறக்காமல் நலமாயிருக்க வேண்டும். எழுத எழுதக் குழம்பிவிடுவேன் என்பதால் முதலில் வரிசைப்படுத்திக்கொள்கிறேன்.

1. தீர்ப்பு நம் பக்கம்.
2. முத்திரைக்காரர் நம் வீட்டுக்கு வந்தார்.
3. நடந்ததற்குக் குற்றவாளி அவர் ஒருவரே.
4. நீ கையெழுத்திட வேண்டிய மனு.

ஏழு ஆண்டு வழக்கை நீதிபதி நான்கு வரியில் முடித்துவிட்டார். காது கேளாதோருக்கு ஒதுக்கிய ஒன்பதாம் எண் பணியிடத்தை, தேர்வில் முதலாவதாக வந்த நீ இருக்கும்போதே, ‘தகுதியானவர் எவரும் வரவில்லை’ என்று குறிப்பெழுதி, வேறு துறை ஆளை இடமாறுதலில் கொண்டுவந்து நிரப்பியது செல்லாது, இடம் உனக்கே. அந்த ஆள், அலுவலக முத்திரையைச் சட்டைப்பையிலேயே வைத்துக்கொண்டு அலைவாரே என் பழைய கண்காணிப்பாளர், அவருடைய மாப்பிள்ளை. இனி மாப்பிள்ளை பழைய துறைக்கே திரும்பி, தனக்குப் பின்னால் சேர்ந்தவர்களுக்கெல்லாம் கீழே உட்கார வேண்டும். அவருடைய பெயர்ப்பலகையைக் கழற்றிய நேரத்தில், ஏதோ வேலையாக வந்தவன்போல் நான் தாழ்வாரத்து பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். நான்கு திருகாணிகள். ஒன்று துருப்பிடித்திருந்ததால் எனக்குக் கூடுதலாகக் கால் மணி நேரம் கிடைத்தது. இப்படி மகிழ்வது சரிதானா என்று ஐயமாக இருக்கிறது, ஆனாலும் மகிழ்ந்தேன்.

மறுநாள் காலையிலேயே முத்திரைக்காரர் வந்துவிட்டார். பதினெட்டு ஆண்டுகளில் ஒருமுறைகூட என்னை உட்காரச் சொல்லாதவர். நானும் சொல்லவில்லை, பழக்கத்தில் நானே எழுந்து நின்றுவிட்டது வேறு விஷயம். பொண்ணுக்குத்தான் வேலை கிடைச்சிடுச்சே சார், இன்னும் எதுக்கு விசாரணை அது இதுன்னு, எனக்கு ரிட்டயர் ஆக எட்டு மாசந்தான் இருக்கு, நிம்மதியா போக விடுங்க என்றார். நான் வாயைத் திறப்பதற்குள் உன் அம்மா சமையலறையிலிருந்து கரண்டியோடு வந்துவிட்டாள். அன்னைக்கு எம்பொண்ணு உங்க ரூம் வாசல்ல மூணு மணி நேரம் நின்னா, காது கேக்காதவளை உள்ள இருந்தபடியே ஒருதரம் கூப்பிட்டுட்டு ஆளே வரலைன்னு எழுதினீங்களே, இப்ப நீங்க கேக்கறது எங்களுக்கும் கேக்கலை, போயிட்டு வாங்க என்றாள். மனிதர் கிளம்பிவிட்டார். படியிறங்கும்போது மட்டும் என்னைத் திரும்பிப் பார்த்து, ஃபைலை முழுசா பாத்தீங்களா சார் என்று கேட்டுவிட்டுப் போனார்.

துறை விசாரணை கோரும் மனுவை இத்துடன் வைத்திருக்கிறேன். பாதிக்கப்பட்டவள் நீ, ஆகவே நீதான் கையெழுத்திட வேண்டும். போனால் போகிறது, விட்டுவிடலாம் அப்பா என்று போன கடிதத்தில் எழுதியிருந்தாய். விடாதே அம்மா. உப்பைத் தின்றவன் தண்ணீர் குடித்தே ஆக வேண்டும். அவர் ஓய்வு பெறும் நாளில் மாலை விழக் கூடாது, குற்றப் பத்திரம்தான் விழ வேண்டும்.

எல்லா நலமும் பெற்று, தலை நிமிர்ந்து வந்து அந்த நாற்காலியில் உட்காருவாயாக. பணியில் சேர முப்பதே நாள் அவகாசம், பயணச்சீட்டுக்குச் சொல்லிவிடு.

உன் நினைவாகவே இருக்கும்
அப்பா

பின்குறிப்பு: கையெழுத்திட்ட கையோடு, அலுவலகப் பழக்கத்தில் இடது ஓரத்தில் சுருக்கொப்பமும் போட்டுவிட்டேன். அப்போதுதான் முத்திரைக்காரர் கேட்டது உறுத்தியது. தீர்ப்போடு வந்த கோப்பு நகலை நான் பிரிக்கவே இல்லை, வென்ற பிறகு எதற்கு என்று விட்டுவிட்டேன். இப்போது பிரித்தேன். ‘எவரும் வரவில்லை’ என்ற குறிப்பின் இடது ஓரத்தில், படித்துச் சரிபார்த்ததற்கு அடையாளமாக, என் சுருக்கொப்பம். அந்த நாட்களில் அலுவலகம் முடியும் நேரத்தில் அவர் கோப்புகளைக் கட்டாகக் கொண்டுவந்து என் மேசையில் வைப்பார். ஏன் எதற்கு என்று கேட்கப் பயந்து, படிக்காமலே வரிசையாகப் போட்டுத் தள்ளுவேன். படித்திருந்தால், என் மகள் வாசலில்தான் நிற்கிறாள் என்று ஒரு வரி எழுதியிருக்கலாம்.

ஓய்வு பெற்றவனையும் விசாரிக்க விதி இருக்கிறது, பார்த்துவிட்டேன். மனுவில் இரண்டாவதாக என் பெயரையும் சேர்த்திருக்கிறேன். கை நடுங்காமல் கையெழுத்துப் போடு. மேலே மூன்றாவதாக நான் எழுதியது தவறு.