தானாக நடந்த டம்ளர்

இன்று அறையைக் கழுவும்போது உன் எவர்சில்வர் டம்ளர் கையில் தட்டுப்பட்டது. பக்கவாட்டில் நீ ஒட்டிய சிவப்புப் பொட்டு அப்படியே இருக்கிறது. டம்ளருக்கு இதுதான் முகம் என்று முடிவு செய்தவள் நீ ஒருத்திதான்.

சுங்குவார்சத்திரத்தில் கம்பெனிப் பெண்கள் தங்கும் இந்த அறைக்கு நாம் வந்த புதிதில், நைட் ஷிப்ட் முடித்த பெண்கள் பகலெல்லாம் தூங்குவார்கள். போனில் சத்தம் வந்தால் தலையணை பறந்து வரும். அதனால்தான் நீ ஊமைப்படங்களைத் தேடிப் பிடித்தாய். நூறு வருடங்களுக்கு முந்தைய மாயப் படங்கள். கத்தி தானாக ரொட்டி நறுக்கும். களைத்து வந்தவன் உட்காரப் போனால் நாற்காலி நழுவி ஓடும். கழற்றிப் போட்ட பூட்ஸ் தனியாக நடந்து போகும். நான் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தேன். நீ மட்டும் திரும்பத் திரும்பப் பார்த்து, காமிராவை நிறுத்திவிட்டுப் பொருளை நகர்த்தியிருக்கிறார்கள் என்று கண்டுபிடித்தாய். கெட்டிக்காரிதான். ஆனால் நான் அசந்துபோனது அதற்கடுத்து நீ சொன்னதைக் கேட்டுத்தான்.

"பாவம்டீ, அவனே டயர்டா வந்துகீறான். அவன இன்னாத்துக்கு அலைய வுடணும்? நம்ம படத்துல அதுங்கல்லாம் நமக்கு வேல செய்யட்டும்."

லீவு நாளில் என் போனிலேயே படம் பிடித்தோம். துடைப்பம் தானாகக் கூட்டியது. தட்டு தன்னைத் தானே கழுவிக்கொள்ளப் போனது. கடைசியில், பாயில் தூங்கும் எனக்கு டம்ளர் டீ கொண்டுவர வேண்டும். தூங்குவதற்கு என்னைவிடப் பொருத்தமான நடிகை கிடையாது என்று கேலி செய்தாய். வாரமெல்லாம் கம்பெனி லைனில் நின்று வேலை செய்த கால்களோடு, டம்ளரைக் கொஞ்சம் நகர்த்துவாய், விலகுவாய், ஒரு போட்டோ எடுப்பாய், மறுபடி நகர்த்துவாய். ஒரு போட்டோவில் மட்டும் உன் விரல்கள் விழுந்துவிட்டன.

"கை தெரிஞ்சா மாயம் பூடும். அத்த அழிச்சிடு" என்றாய். அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டேன்.

டம்ளர் பாதி வழி வந்தபோது வெளிச்சம் போய்விட்டது. அடுத்த வாரம் காய்ச்சல் என்று ஊருக்குப் போனாய்; திரும்பி வந்தது உன் சாவுச் செய்திதான். உன் படம் பாதியிலேயே நின்றுபோனது. அதை முடிக்காமல் விட்டுவிடுவேனோ என்ற பயம் எனக்கு இருந்துகொண்டே இருந்தது.

இன்று அதே பாயை விரித்து, கண்ணை மூடிப் படுத்தேன். அறைக்குப் புதிதாக வந்த பெண் மீதிப் போட்டோக்களை எடுத்தாள். டம்ளர் என் தலைமாட்டுக்கு வந்து சேர்ந்தது. எல்லாப் போட்டோக்களையும் சேர்த்துப் படமாக ஓட்டிப் பார்த்தபோது, கண் சிமிட்டும் நேரம் உன் விரல்கள் வந்து மறைந்தன.

"அக்கா, யாரு கை அது? கட் பண்ணிடவா?" என்றாள்.

வேண்டாம் என்றேன். மாயம் போனால் போகட்டும்டீ. எனக்கு டீ கொண்டுவந்தது யாரென்று தெரிய வேண்டும்.