சாம்பல் நிறப் பூநாரைக்கு மீன் போடுவதை நிறுத்தக் கோரும் மனு

அனுப்புநர்
பா. யோகேஷ்,
மென்பொருள் சோதனைப் பொறியாளர்,
கொண்டாப்பூர், ஹைதராபாத்.

பெறுநர்
உயர்திரு மணிவண்ணன் அவர்கள்,
பொறுப்பு அதிகாரி,
காயமுற்ற பறவைகள் காப்பகம்,
ஹைதராபாத்.

பொருள்: இளம் பூநாரை ஒன்று நாரை என வகைப்படுத்தப்பட்டு, அதனால் தின்ன முடியாத தீனி வழங்கப்படுவது குறித்து.

மதிப்பிற்குரிய ஐயா,

தங்கள் சொந்த ஊர் விருதுநகர் என்று காப்பக ஊழியர் சீனு சொன்னதால் தமிழில் எழுதுகிறேன். ஆங்கிலத்தில் அனுப்பிய இரண்டு மின்னஞ்சல்களுக்கும் பதில் வராதது இன்னொரு காரணம்.

1. பொங்கலுக்கு மறுநாள், எங்கள் குடியிருப்புக்குப் பின்னால் உள்ள ஏரியில் இறக்கையில் மாஞ்சா நூல் சுற்றிக் கிடந்த இளம் பறவையை என் மனைவி ஜெஸ்ஸி துப்பட்டாவில் பொதிந்து தங்கள் காப்பகத்தில் ஒப்படைத்தார். நூலை அறுத்துத் தையல் போட்ட மருத்துவர் மேல் எங்களுக்கு எந்தக் குறையும் இல்லை.

2. கோளாறு கூண்டு அட்டையில் இருக்கிறது. சேர்க்கைப் பிரிவில் நிறத்தைப் பார்த்து ‘நாரை’ என்று எழுதிவிட்டார்கள். ரோஸாக இருந்தால்தான் பூநாரையாம். தின்னும் பாசியிலிருந்தும் கூனிறாலிலிருந்தும் அந்த நிறம் ஏற வருடங்கள் ஆகும், அதுவரை சாம்பல்தான். நிறத்தை விட்டுவிட்டு, நடுவில் மடங்கிய அலகையும் விரல்களுக்கு இடையே உள்ள சவ்வையும் பாருங்கள். பெயரில் நாரை இருக்கிறதே தவிர இது நாரைக் குடும்பமே இல்லை. மரபணு ஆய்வின்படி, குளங்களில் மூழ்கி எழும் முக்குளிப்பான்தான் இதற்கு நெருங்கிய சொந்தம்.

3. வெறும் பெயர்த் தகராறு என்றால் நான் லீவு போட்டு வந்திருக்க மாட்டேன். தங்கள் காப்பகத்தில் அட்டையைப் பார்த்துத்தான் தீனி வருகிறது. நாரை என்றால் மீன். பூநாரையோ தலையைக் கவிழ்த்து, தண்ணீரை அலகால் சலித்துத் தின்னும் பறவை. வந்த நாளிலிருந்து அது எதையும் தொடவில்லை. நேற்று சீனுவிடம் கேட்டேன். லாலாகுடா ரயில்வே காலனிக்காரர், ‘வேண்டாம்’ என்பதற்கு இந்த ஊர் உருதுவில் ‘நக்கோ’ என்பவர், அவர் பாணியில் சொன்னார்: “அதுவே மீன் நக்கோங்குது சார். அட்டை நாரைங்குதே, நான் என்ன பண்ண?” தட்டில் மீன் அப்படியே கிடந்தது. பறவை தலையைக் கவிழ்த்து, வெறும் சிமெண்ட் தரையைச் சலித்துக்கொண்டிருந்தது.

4. அட்டையைத் திருத்த வல்லுநர் குழு கூட வேண்டும், அது மாதக் கடைசியில்தான் என்று அலுவலகத்தில் சொன்னார்கள். “செத்தப்புறம் பேரைத் திருத்தி யாருக்குச் சோறு போடப்போறாங்க?” என்று ஜெஸ்ஸி கேட்கிறார்.

ஆகவே ஐயா, குழு கூடும்வரை அட்டையில் நாரை என்றே இருக்கட்டும், நான் வாதாடவில்லை. ஆழமில்லாத தொட்டியில் தண்ணீரும், அதில் கரைத்த இறால் தூளும் வைக்க மட்டும் இன்றே அனுமதி தாருங்கள். அது தலையைக் கவிழ்த்துச் சலிக்காவிட்டால், தப்பு என்னுடையது என்று எழுதிக் கொடுத்துவிட்டுப் போகிறேன்.

தொட்டி கையோடு கொண்டுவந்திருக்கிறோம். காப்பக வாசலில்தான் நிற்கிறோம். உள்ளே விடச் சொன்னால் போதும்.

இடம்: ஹைதராபாத்
நாள்: 18.01.2025

இப்படிக்கு,
பா. யோகேஷ்