ரத்த ஓட்டம் கொஞ்சம் கம்மி

கேலாங் ஈஸ்ட்,
செவ்வாய்க்கிழமை காலை

என் செல்ல மகள் செரினாவுக்கு,

அம்மா எழுதுகிறேன். உனக்கும், டப்ளின் குளிரில் நீ ஜன்னலோரம் வைத்துக் காப்பாற்றுகிற அந்தக் கறிவேப்பிலைச் செடிக்கும் மாதாவின் அருளால் ஒரு குறையும் இருக்கக் கூடாது. இங்கே நாங்கள் எல்லோரும் நலம் என்று அடுத்த வரியை எழுதித்தான் எனக்குப் பழக்கம், இந்த முறை அதை எழுதப் போவதில்லை. பதறாதே, அப்பா ஹாலில்தான் இருக்கிறார், காலைத் தொங்கப் போட்டுக்கொண்டு டிவியில் செய்தி பார்த்துக்கொண்டு அமைச்சர்களுக்கு யோசனை சொல்லிக்கொண்டிருக்கிறார். தினமும் வாட்ஸ்அப்பில் முகம் பார்த்துப் பேசுகிறோமே, நமக்குள் என்ன கடிதம் என்று நீ கேட்பாய். வாயைத் திறந்தால் எனக்கு எல்லாமே சர்க்கரை தடவித்தான் வருகிறது, அதனால்தான் பேனாவை எடுத்தேன். எழுதி முடித்ததும் உன் அண்ணன் ரோனி படம் எடுத்து உனக்கு அனுப்புவான். கடைசி வரி வரைக்கும் படித்துவிட்டு அப்புறம் போன் செய், நடுவில் செய்தால் நான் எடுக்க மாட்டேன்.

போன வருஷக் கடைசியில் உன்னிடம் ஒரு கதை சொல்லிச் சிரித்தேனே, ஞாபகம் இருக்கிறதா. ஞாயிற்றுக்கிழமை லூர்து மாதா கோவிலில் தமிழ்ப் பூசை முடிந்து தேக்கா மார்க்கெட்டுக்கு நடந்து போகும்போதெல்லாம் அப்பா சிராங்கூன் ரோட்டில் ஒவ்வொரு நகைக்கடை வாசலிலும் நின்று நின்று பார்க்கிறார், முப்பத்தெட்டு வருஷத்தில் ஒரு தோடு வாங்கித் தர யோசித்த மனுஷனா இவர், இந்தக் கல்யாண நாளுக்கு ஏதோ பெரிதாகத் திட்டம் போடுகிறார் என்று. நானும் எதையும் கண்டுகொள்ளாதவள் போலப் பக்கத்தில் நின்று, எனக்குப் பிடித்த வளையலை மட்டும் கொஞ்ச நேரம் கூடுதலாகப் பார்த்துக்கொண்டிருப்பேன். கல்யாண நாளும் வந்தது, எனக்கு ஒரு ரைஸ் குக்கர் வந்தது. அவர் நகையைப் பார்க்கவே இல்லை செரினா. நூறு அடி நடந்தால் கெண்டைக்கால் பிடித்து இழுத்திருக்கிறது, நின்றால் இரண்டு நிமிஷத்தில் விட்டிருக்கிறது, வலி என்று சொல்ல வெட்கப்பட்டுக் கண்ணாடிக்குள் இருக்கிற நெக்லஸை வெறித்துக்கொண்டு நின்றிருக்கிறார். பூக்கடை வந்தால் பூ, பாத்திரக்கடை வந்தால் பாத்திரம். பக்கத்தில் நின்ற எனக்குத் தெரியவில்லை.

மார்ச் மாதம் பாலிகிளினிக்கில் சுகர் பார்க்கப் போனபோதுதான் நர்ஸ் பாதத்தைத் தொட்டுப் பார்த்து, இடது கால் ஏன் இவ்வளவு ஜில்லென்று இருக்கிறது என்று கேட்டு ஆஸ்பத்திரிக்கு எழுதிக் கொடுத்தாள். அங்கே கையிலும் கணுக்காலிலும் பட்டை கட்டி ரத்த அழுத்தம் அளந்தார்கள். கையில் இருப்பதில் பாதிகூட இடது காலில் இல்லை. டாக்டர் சின்ன வயதுச் சீனர், நல்ல மாதிரி, படம் வரைந்து காட்டினார். சிகரெட்டும் சுகரும் சேர்ந்து தொடையிலிருந்து கீழே போகிற குழாயை அடைத்துவிட்டன, இது இஸ்கீமியா, சீக்கிரம் உள்ளே பலூன் விட்டுத் திறக்க வேண்டும் என்றார். அப்பாவுக்கு இங்கிலீஷ் தெரியாமல் இல்லை. தஞ்சோங் பகார் துறைமுகத்தில் கிரேன் ஓட்டிய காலத்தில் கப்பல்காரனோடு இங்கிலீஷிலும் மலாயிலும் சண்டை போட்டவர்தான். ஆனால் ஆஸ்பத்திரி வாசலை மிதித்தால் அவருக்கு எல்லாப் பாஷையும் மறந்துபோகும், என் முகத்தைத்தான் பார்ப்பார். அன்றைக்கும் திரும்பி என்னவாம் என்றார். நான், ரத்த ஓட்டம் கொஞ்சம் கம்மியாம், வேற ஒண்ணுமில்ல, அப்புறமா ஒரு சின்ன வேலை பண்ணணுமாம் என்றேன். அப்போ ஈஸ்டர் முடியட்டும் லா என்று சொல்லிவிட்டார். நான் தலையாட்டினேன், தேதியைத் தள்ளிப் போட்டேன். அன்று சாயங்காலம் உனக்கும் அதே வாக்கியத்தைத்தான் சொன்னேன், ஒரு எழுத்து மாற்றவில்லை.

அந்த வாக்கியம் எனக்குப் புதிதில்லை. கிளினிக்கில் பதிவு மேசையில் உட்கார்ந்த இருபத்தெட்டு வருஷமும், தமிழ் ஆள் வந்தால் டாக்டர் கதவைத் திறந்து பிரிஜட், ஒரு நிமிஷம் என்று கூப்பிடுவார். இஸ்கீமியா என்ற சொல் நெஞ்சுக்கும் வரும், மூளைக்கும் வரும், குடலுக்கும் காலுக்கும் வரும், எங்கே வந்தாலும் நான் ரத்த ஓட்டம் கொஞ்சம் கம்மி என்றே சொல்லி அனுப்பினேன். கையேட்டில் குருதி ஊட்டக் குறைபாடு என்று அச்சடித்திருப்பார்கள், அது யாருக்கும் புரியாது, குருதி என்றால் நம் ஆட்களுக்கு ரேடியோச் செய்தியில் வருகிற சொல். நான் சொல்வது எல்லோருக்கும் புரியும், முகமும் தெளியும், பிரிஜட் நல்லாப் பேசுவா என்று எனக்குப் பெயரும் கிடைத்தது. முத்தாயி என்று ஒரு அம்மா, ஏதோ ஒரு காப்பிக்கடையில் பாத்திரம் கழுவியவர், நான் சொன்னதைக் கேட்டு அவ்வளவுதானா லா, நான் என்னமோ ஏதோன்னு பயந்துட்டேன் என்று என் கன்னத்தைத் தொட்டுவிட்டுப் போனார். அடுத்த தேதிக்கு வரவில்லை. ஏழெட்டு மாதம் கழித்துச் சக்கர நாற்காலியில் வந்தார், ஒரு முழங்காலுக்குக் கீழே போர்வை தட்டையாகக் கிடந்தது. சுகர் ரொம்ப ஏறிவிட்டது போல என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு அடுத்த நம்பரைக் கூப்பிட்டேன். இருபது வருஷம் அந்த அம்மாவை நான் நினைக்கவே இல்லை, இப்போது தினமும் நினைக்கிறேன்.

இனி வருவதைத்தான் உன்னிடம் சொல்ல எனக்குக் கூசுகிறது. ஓட்டம் கம்மி என்று சொல்லிச் சொல்லி அதை நானே நம்பிவிட்டேன் போலிருக்கிறது. கம்மியாக இருப்பதைக் கூட்ட வேண்டியதுதானே என்று தினமும் சாயங்காலம் பேசினில் வெந்நீரும் கல் உப்பும் போட்டு அவர் காலை வைத்தேன், அப்புறம் தேங்காய் எண்ணெய் போட்டு நீவி விட்டேன். நம் வீடுகளில் கால் வலிக்கு எல்லோரும் செய்வதுதான். ஆனால் அந்தக் காலில் சூடு தெரிகிற உணர்ச்சியே போயிருந்தது. நான் என் கையை விட்டுப் பார்க்காமல் ஒரு நாள் ஊற்றிவிட்டேன், அவரும் நன்றாக இருக்கு என்றுதான் சொன்னார். சுண்டு விரல் கொப்புளித்தது, கொப்புளம் உடைந்து ஆறவில்லை, இரண்டு வாரத்தில் விரல் கறுத்துப் போய்விட்டது. வெந்தது என் கையால் செரினா. இதை ரோனியிடம் சொல்லிவிட்டேன், பங்குச் சாமியிடமும் சொல்லிவிட்டேன், உன்னிடம் சொல்வதுதான் கஷ்டமாக இருந்தது.

நேற்று மறுபடியும் ஆஸ்பத்திரி. டாக்டர் விரலைப் பார்த்துவிட்டு என்னை மொழிபெயர்க்கச் சொல்லவில்லை, சொந்தக்காரர்கள் வேண்டாம் என்று இப்போது விதியாம், கவிப்ரியா என்று ஒரு பெண்ணைக் கூப்பிட்டார். இருபத்தைந்து வயது இருக்கும், நான் செய்த அதே வேலை. நாற்காலியை இழுத்துப் போட்டு அப்பாவுக்கு நேரே உட்கார்ந்து, ஐயா, உங்க இடது காலுக்கு ரத்தம் போய்ச் சேரல, ரத்தம்தான் சதைக்குச் சோறு, சோறு கிடைக்காத சதை செத்துப் போகும், அந்த விரல் செத்துப் போச்சு, அதை எடுத்துத்தான் ஆகணும், குழாயைத் திறந்து ரத்தம் இறங்கினா மத்த பாதம் பிழைக்கும், இறங்கலன்னா முழங்காலுக்குக் கீழ எடுக்க வேண்டி வரலாம், பாதிக்குப் பாதின்னு டாக்டர் சொல்றாங்க என்றாள். நான் வாயைத் திறந்தேன், கொஞ்சம் பொறுங்க ஆன்ட்டி என்று கையைக் காட்டினாள். அப்பா என் பக்கம் திரும்பவே இல்லை. எப்போ எடுப்பீங்க, வலிக்குமா, மறுபடி நடக்க எத்தனை நாள் ஆகும் என்று மூன்று கேள்வி கேட்டார். மூன்றுக்கும் நேராகப் பதில் வந்தது. வெளியே வந்தபின் நான் அவளிடம் போய், பயமா இல்லையா, முகத்துக்கு நேரே இப்படிச் சொல்ல என்று கேட்டேன். ரொம்பப் பயமா இருக்கும் ஆன்ட்டி, நான் பயந்தா பரவாயில்ல, அவங்க தப்பாப் புரிஞ்சுக்கிட்டுப் போயிடக் கூடாது என்றாள். இஸ்கீமியா என்பதே கிரேக்கச் சொல்லாம், ரத்தத்தைப் பிடித்து நிறுத்தி வைப்பது என்று அர்த்தமாம், பயிற்சி வகுப்பில் சொன்னார்களாம். இதைத் தெரிந்துகொள்ள எனக்கு முப்பது வருஷமும் உன் அப்பாவின் ஒரு விரலும் ஆகியிருக்கிறது.

டாக்ஸியை விட்டு இறங்கியதும் அவர் நேரே மேலே வீட்டுக்கு வரவில்லை. புளோக்குக்குக் கீழே காப்பிக்கடையில் உட்கார்ந்து ஒரு தே ஓ கோசோங் வாங்கினார், அந்தச் சீனி போடாத தேநீரை அவர் என்றைக்கும் திட்டாமல் குடித்ததில்லை, நேற்று திட்டாமல் குடித்தார். எனக்கு அழுகை வந்தது. அப்புறம் சொன்னார், பிரிஜட், நான் மேல கிரேன்ல உட்கார்ந்திருப்பேன், கீழ நடக்கிறது எனக்குத் தெரியாது, கீழ நிக்கிறவன் சொல்றதை நம்பித்தான் தூக்குவேன், கேபிள் அறுந்திருக்குன்னா அறுந்திருக்குன்னு சொல்லணும், கொஞ்சம் லூஸுன்னு சொன்னா நான் தூக்கிடுவேன் லா. கோபமாகச் சொல்லவில்லை, அதுதான் எனக்கு ரொம்ப வலித்தது. வெந்நீரைப் பற்றி நான் ஆரம்பித்தேன், அது தெரியும், விடு என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். காப்பிக்கடையில் நாலு பேர் பார்க்க அவர் என் கையைப் பிடித்தது அதுதான் முதல் தடவை.

ஏப்ரலில் நீ ஜூன் மாதம் வரட்டுமா அம்மா, லீவு இருக்கு என்று கேட்டாய். வேண்டாம்மா, சும்மா எதற்கு அலைச்சல், சிநேகிதிகளோடு எங்கேயாவது போய்வா என்று சொன்னேன். நீயும் நம்பி அவர்களோடு போக டிக்கெட் போட்டுவிட்டாய். எனக்கு உன்னைப் பார்க்க ஆசை இல்லாமல் இல்லை, நீ பயப்படக் கூடாது, வேலை கெடக் கூடாது என்று நினைத்தேன். உன் அப்பாவுக்கு என்ன நடக்கிறது என்று தெரியாமல் நீ அங்கே சிரித்துக்கொண்டிருக்கும்படி செய்துவிட்டேன். என்னை மன்னித்துவிடு. கோபம் வந்தால் போனில் கொட்டிவிடு, உள்ளே வைத்துக்கொள்ளாதே, அந்தப் பழக்கம் உனக்கு என்னிடமிருந்து வந்ததுதான். இன்னொன்று, அப்பா வழியில் எல்லோருக்கும் சுகர் இருக்கிறது, உனக்கும் முப்பத்திரண்டு ஆகிறது, ஒரு தடவை ரத்தம் கொடுத்துப் பார். ராத்திரி சாப்பாட்டுக்குப் பிஸ்கட் தின்கிற வேலை வேண்டாம். ரோனி வீட்டில் எல்லோரும் சுகம், சின்னவளுக்கு முன்பல் இரண்டும் விழுந்துவிட்டன, தாத்தாவுக்கு விரல் போனால் மறுபடி முளைக்குமா என்று கேட்கிறாளாம்.

விஷயத்துக்கு வருகிறேன். அடுத்த வாரம் வியாழக்கிழமை காலை எட்டு மணிக்கு அப்பாவுக்குப் பலூன் வைக்கிறார்கள். விரல் போவது நிச்சயம், பாதம் நிற்குமா என்பது அதற்குப் பிறகுதான் தெரியும். அவர் பயந்திருக்கிறார். என்னிடம் சொல்லவில்லை, ஆனால் நேற்றிலிருந்து இரண்டு தடவை டப்ளினில் இப்போ மணி என்ன என்று கேட்டுவிட்டார். நானும் பயந்திருக்கிறேன். கால் நின்றால் அவரை மறுபடி சிராங்கூன் ரோட்டுக்கு நடத்திக் கூட்டிப் போவேன், நகைக்கடை வாசலில் நிற்காமல் நேரே உள்ளே போகச் சொல்வேன், நீயும் கூட இருந்தால் தப்பிக்க மாட்டார். புதன்கிழமைக்குள் <s>முடிந்தால்</s> வா.

இதுவரை எழுதியதை அப்பாவுக்கு வாசித்துக் காட்டினேன். கண்ணை மூடிக்கொண்டு கேட்டார், ரைஸ் குக்கர் வந்த இடத்தில் மட்டும் சிரித்தார். மேலே ஒரு வார்த்தை அடித்திருக்கிறதே, அதை நான் அடிக்கவில்லை. வாசித்து முடித்ததும் அவர்தான் பேனாவை வாங்கி அடித்தார்.

கர்த்தர் உன் போக்கையும் வரத்தையும் காத்துக்கொள்ளட்டும். கைப்பையில் ஸ்வெட்டர் வைத்துக்கொள், விமானத்தில் குளிரும்.

உன் அம்மா,
பிரிஜட்

கீழே அப்பாவின் கையெழுத்தும் இருக்கிறது, இயேசுதாசன் என்று முழுப் பெயரையும் போட்டிருக்கிறார், ஆஸ்பத்திரிக் காகிதம் என்று நினைத்துவிட்டார் போல.